முயில் இடிபாடும் சியான் கான் லகூனும்: ஒரே நாளில் பார்த்துவர முழுமையான வழிகாட்டி

மெக்சிகோவின் கான்கூன் போகிற நம் ஆட்களில் பெரும்பாலோர் மாயா நாகரிகம் என்றதும் சிச்சென் இட்சாவுக்கு ஒரு நாள், துலுமுக்கு அரை நாள் என்று கணக்குப் போட்டு முடித்துவிட்டு, மிச்ச நேரத்தை ரிசார்ட் நீச்சல்குளத்தில் கழித்துவிட்டு வருகிறார்கள். தப்பில்லை. ஆனால் துலுமிலிருந்து சுமார் 20 கிலோமீட்டர் தெற்கே, அதே 307 நெடுஞ்சாலையின் ஓரத்தில் முயில் என்று ஒரு பழைய மாயா ஊர் இருக்கிறது. பஸ் பஸ்ஸாகக் கூட்டம் வந்து இறங்காது. பிரமிடைச் சுற்றி பொம்மைக் கடைகள் கிடையாது. இடிபாட்டின் பின்பக்கத்திலிருந்து காட்டுக்குள் ஒரு பலகைப் பாதை போகும், அதில் நடந்தால் நேராகச் சியான் கான் என்கிற இயற்கைக் காப்பகத்தின் லகூன், அதாவது காயல், கரையில் கொண்டுபோய் விடும், அங்கே படகு நிற்கும்.

இந்த வழிகாட்டி முழுக்க நான் வலியுறுத்தப்போவது ஒன்றைத்தான்: முயிலைத் துறைமுகமாகப் பாருங்கள். கடலுக்கும் இந்த ஊருக்கும் நடுவில் பதினைந்து கிலோமீட்டர் அளவுக்குச் சதுப்பும் தண்ணீரும் கிடக்கிறது. அதன் குறுக்கே வாய்க்கால் வழியாகச் சரக்கு வந்து போன ஊர் இது. இடிபாட்டை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்புகிறவர்கள் "நல்லாத்தான் இருக்கு, ஆனா சின்னது" என்பார்கள். படகில் மட்டும் போகிறவர்களுக்கு அது இன்னொரு படகுச் சவாரி, அவ்வளவுதான். முதலில் ஊர், அப்புறம் காடு, அப்புறம் லகூன், கடைசியில் வாய்க்கால் என்று அதே வரிசையில் போனால்தான் இந்த ஊர் ஏன் இங்கே வந்தது என்பது புரியும்.

கிளம்பும் முன்: விசாவும் பருவமும்

இந்திய, இலங்கைக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்களுக்குச் சாதாரணமாக மெக்சிகோ விசா வேண்டும். ஆனால் செல்லுபடியாகும் அமெரிக்க விசாவோ கிரீன் கார்டோ இருந்தால் சுற்றுலாவுக்குத் தனி விசா தேவையில்லை. கனடா, பிரிட்டன், ஜப்பான், ஷெங்கன் நாடுகளின் விசாவுக்கும் இதே சலுகை உண்டு. விசா ஸ்டாம்ப் காலாவதியாகி, ஐ-797 என்கிற அமெரிக்கக் குடிவரவுத் துறை ஒப்புதல் காகிதத்தை மட்டும் வைத்துக்கொண்டு அமெரிக்காவில் வேலை பார்ப்பவர்கள் இதில் வரமாட்டார்கள், கவனம். விதி மாறக்கூடியது, டிக்கெட் போடும் முன் தூதரகப் பக்கத்தில் ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

நவம்பரிலிருந்து ஏப்ரல் வரை நல்ல காலம். ஜூன் முதல் நவம்பர் வரை சூறாவளிக் காலம், அதிலும் செப்டம்பர், அக்டோபரில் மழை பின்னி எடுக்கும். அதற்காக மழை மாதங்களில் போகவே கூடாது என்பதில்லை. அந்தப் பக்கத்து மழை பெரும்பாலும் பிற்பகலில்தான் கொட்டும், காலையிலேயே படகை முடித்துவிட்டால் தப்பிக்கலாம். கொசுவும் ஒருவகைப் பெரிய கடி ஈயும்தான் உண்மையான தொல்லை. கோடையில் கரீபியன் கரை முழுக்கப் பழுப்பு நிறக் கடற்பாசி வந்து ஒதுங்கி நாறும், கடற்கரை விடுமுறை பாழாகிவிட்டது என்று பலர் புலம்புவார்கள். முயில் லகூனில் இருப்பது நன்னீர், அந்தப் பாசி இங்கே எட்டிப் பார்க்காது. கடற்கரை சரியில்லாத வாரத்தில் இந்தப் பயணம் இன்னும் உசத்தி.

நேரக் கணக்கில் ஒரு விஷயம். துலும் இருக்கும் கிந்தானா ரோ மாநிலத்தில் ஆண்டு முழுக்க ஒரே நேரம்தான், கோடையில் கடிகாரத்தை மாற்ற மாட்டார்கள். குளிர்காலத்தில் நியூயார்க் நேரத்தோடு ஒத்துப்போகும், கோடையில் டல்லஸ் நேரத்தோடு. முன்பதிவு செய்த படகை இதனால் தவறவிட்டவர்கள் இருக்கிறார்கள்.

எப்படிப் போவது: பேக்கேஜா, சொந்தமாகவா?

மூன்று வழி இருக்கிறது. ஏஜென்சியிடம் முழு நாள் பேக்கேஜ் எடுத்தால் ஓட்டலிலேயே வந்து ஏற்றிக்கொள்வார்கள், வழிகாட்டி, படகு, சாப்பாடு எல்லாம் அதில் அடங்கும். கான்கூனில் தங்கியிருந்து, கார் ஓட்ட விருப்பமில்லாமல், வயதானவர்களையும் கூட்டிக்கொண்டு போகிறீர்கள் என்றால் இதுவே நிம்மதி. ஆனால் பதிவு செய்யும் முன் ஒரு கேள்வி கேளுங்கள்: "முயில் இடிபாட்டுக்குள் எவ்வளவு நேரம்?" சியான் கான் என்ற பெயரில் விற்கும் பல சுற்றுலாக்கள் இடிபாட்டை இருபது நிமிடத்தில் முடித்துவிடும், சில அந்தப் பக்கமே போகாது. வேறு சில, துலும் கடற்கரைச் சாலை வழியாகப் பூந்தா ஆய்யென் பக்கம் போய்க் கடலில் டால்பின் காட்டும். அதுவும் சியான் கான்தான், ஆனால் அது வேறு பயணம்.

என் ஓட்டு இரண்டாவது வழிக்கு. முந்தைய இரவு துலும் ஊரில் தங்கி, காலையில் காரில் போய், முயிலிலேயே உள்ளூர்க் கூட்டுறவுக்காரர்களிடம் படகு பேசுவது. கான்கூனிலிருந்து துலுமுக்குச் சுமார் 130 கிலோமீட்டர், இரண்டு மணி நேரம் பிடிக்கும். ப்ளாயா தெல் கார்மெனிலிருந்து ஒரு மணி நேரம். துலுமிலிருந்து முயிலுக்கு 20, 25 நிமிடம்தான். சாலை நன்றாகவே இருக்கும், ஆனால் ஊருக்கு ஊர் தோபே என்கிற வேகத்தடை. சிலவற்றுக்கு மஞ்சள் பெயின்ட் எல்லாம் அழிந்துபோயிருக்கும், வேகமாக வந்து ஏறினால் தலை கூரையில் இடிக்கும். கார் வாடகைக்கு எடுக்கும்போது இணையத்தில் காட்டும் விலையில் மூன்றாம் நபர் காப்பீடு பெரும்பாலும் சேர்ந்திருக்காது. அது மெக்சிகோவில் கட்டாயம், கவுன்டரில் தொகை எகிறும்போது அதிர்ச்சியாக வேண்டாம். பெட்ரோல் பங்கில் மீட்டர் பூஜ்யத்தில் நிற்கிறதா என்று பார்த்துவிட்டு அடிக்கச் சொல்லுங்கள். இதை நமக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.

மூன்றாவது வழி கொலெக்தீவோ, நம் ஊர் ஷேர் ஆட்டோ கணக்காக ஓடும் வேன். துலுமிலிருந்து பெலிப்பே கரீயோ புவேர்தோ போகும் வேனில் ஏறி "முயில், ரூயினாஸ்" என்று சொன்னால் இடிபாட்டு வாசலில் இறக்கிவிடுவார்கள். மலிவு. திரும்பும்போது சாலையோரம் நின்று கைகாட்ட வேண்டும், ஏற்கெனவே நிரம்பிய வேன் நிற்காமல் போகும், வெயிலில் காத்திருக்க வேண்டிவரும். தனியாக, இளவயதில், அவசரமில்லாமல் போகிறவர்களுக்குச் சரி.

என்ன உடுத்துவது, என்ன எடுத்துக்கொள்வது

இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் இந்தப் பயணத்தில் பாதிப் பேர் சிரமப்படுவது இங்கேதான். சிக்கல் என்னவென்றால் காட்டுக்குள் நடக்கக் கொசு மருந்து வேண்டும், தண்ணீரில் இறங்கும்போது உடம்பில் கொசு மருந்தும் சன்ஸ்க்ரீனும் இருக்கக் கூடாது. வாய்க்காலில் மீன், செடி எல்லாவற்றுக்கும் அது கெடுதல் என்பதால் படகுக்காரர்கள் கண்டிப்பாகவே சொல்வார்கள். 'மக்கிப்போகும்' சன்ஸ்க்ரீன் என்று எழுதியிருப்பதைக்கூடச் சிலர் ஒப்புக்கொள்ள மாட்டார்கள்.

இதற்கு ஒரு எளிய வழி. உள்ளே முழுக்கை நீச்சல் சட்டையும் லெக்கிங்ஸ் போன்ற நீச்சல் பேன்ட்டும் போட்டுக்கொள்ளுங்கள். அதன் மேல் தளர்வான பழைய சட்டை ஒன்றும் மெல்லிய பேன்ட்டும். கொசு மருந்தை மேல் துணியில் மட்டும் அடியுங்கள். லகூன் கரைக்கு வந்ததும் மேல் துணியைக் கழற்றிப் பைக்குள் வைத்துவிட்டால் வேலை முடிந்தது, வெயிலுக்கும் சன்ஸ்க்ரீன் தேவைப்படாது. முகத்துக்கு அகலமான தொப்பி. பருத்திச் சுடிதார், ஜீன்ஸ் இரண்டும் வேண்டாம், நனைந்தால் கனக்கும், காயவே காயாது.

காலுக்கு, நனைந்தாலும் பரவாயில்லை என்கிற, குதிகாலில் வார் உள்ள செருப்பு. ரப்பர்ச் செருப்பு வாய்க்காலில் கழன்று போய்விடும். மூக்குக்கண்ணாடி போடுகிறவர்கள் கயிறு கட்டிக்கொள்ளுங்கள். போனுக்குத் தண்ணீர் புகாத உறை, மாற்றுத் துணி, துண்டு, ஆளுக்கு ஒரு லிட்டராவது தண்ணீர். பணம் பெசோவில், ரொக்கமாக. இடிபாட்டுக்கு ஒரு கட்டணம், பலகைப் பாதைக்கு இன்னொன்று, பாதுகாக்கப்பட்ட பகுதிக்கான கைப்பட்டைக்கு இன்னொன்று, படகுக்குத் தனி என்று நாலு இடத்தில் வாங்குவார்கள், கார்டு இயந்திரத்தை நம்பிப் போகக் கூடாது. ஆளுக்கு இரண்டாயிரம் பெசோ கையில் இருந்தால் கவலையில்லாமல் இருக்கலாம். ஏடிஎம் வேலையைத் துலுமிலேயே முடித்துவிடுங்கள். ட்ரோனை அறையிலேயே விட்டுவிடுங்கள், மெக்சிகோவின் தொல்லியல் இடங்களில் முன் அனுமதியில்லாமல் பறக்கவிட முடியாது.

காலை: இடிபாடு

திறந்தவுடன் உள்ளே இருக்கப் பாருங்கள். இரண்டு காரணம். பத்து மணிக்கு மேல் காட்டுக்குள் காற்றே இருக்காது, புழுங்கித் தள்ளும். அடுத்து, முற்பகலில் லகூன் பெரும்பாலும் அலையில்லாமல் கிடக்கும். மதியத்துக்குப் பிறகு கடல் காற்று ஏறிவிட்டால் படகு முழுக்கத் தண்ணீர் தெறிக்கும்.

வாசலில் வழிகாட்டிகள் இருந்தால் கட்டாயம் ஒருவரைப் பேசிக்கொள்ளுங்கள், அரசு உரிம அட்டை கழுத்தில் இருக்கிறதா என்று பார்த்து. முயிலில் பெயர்ப்பலகைகள் குறைவு, வழிகாட்டி இல்லாவிட்டால் கல்லும் மரமும்தான். சுற்றுவட்டாரத்தவராக இருந்தால் வீட்டில் மாயா மொழி பேசுகிறவராகவே இருக்க நல்ல வாய்ப்பு உண்டு. "மாயர்கள் மர்மமாக மறைந்து போனார்கள்" என்று யூடியூபில் சொல்வதையெல்லாம் அவரிடம் சொல்லிவிடாதீர்கள். யுகடெக் மாயா மொழியை இன்றும் ஏழரை லட்சம் பேருக்கு மேல் பேசுகிறார்கள். 1847-ல் இந்த யுகடான் தீபகற்பத்தின் மாயர்கள் மெக்சிகோ அரசை எதிர்த்துக் கிளம்பி, அரை நூற்றாண்டுக்கு மேல் தங்கள் கட்டுப்பாட்டில் வைத்திருந்த பிரதேசம் இதுதான். நான் சொன்ன கொலெக்தீவோ வேன் போய்ச் சேரும் பெலிப்பே கரீயோ புவேர்தோ, அன்று சான் சாந்தா க்ரூஸ் என்ற பெயரில் அவர்களுடைய தலைநகராக இருந்தது. மெக்சிகோ ராணுவம் அதைப் பிடித்தது 1901-ல்தான்.

உள்ளே நுழைந்ததும் முதலில் ஒரு சதுக்கத்தைச் சுற்றிய கட்டடங்கள் வரும். அவசரமாகத் தாண்டிவிடாமல் சுவரை நெருங்கிப் பாருங்கள். எல்லாம் சுண்ணாம்புக்கல். யுகடான் தீபகற்பமே ஒரு பெரிய சுண்ணாம்புப் பாறை, அதனால்தான் வட பகுதியில் தரைமேல் ஆறு கிடையாது. மழைத்தண்ணீர் பாறைக்குள் இறங்கி, நிலத்தடிக் குகைகள் வழியாக ஓடி, கூரை இடிந்த இடங்களில் செனோட்டே என்கிற கிணறுகளாகத் தலைகாட்டும். கடற்கரைக்குப் பக்கத்தில் ஊற்றாகக் கிளம்பி லகூன்களை நிரப்பும். நீங்கள் கொஞ்ச நேரத்தில் மிதக்கப்போகும் தண்ணீர் அப்படி வந்ததுதான்.

இங்கே கிடைத்த பொருட்களில் பழையவை கி.மு. 350 அளவில் தொடங்குகின்றன. ஸ்பானியர் வரும் காலம்வரை ஏதோ ஒரு வகையில் ஆள் நடமாட்டம் இருந்திருக்கிறது. கிழக்குக் கரையில் இவ்வளவு நீண்ட காலம் குடியிருந்த ஊர்கள் குறைவு. சுவரும் ஓவியமுமாக எல்லோரும் படமெடுக்கும் துலும் செழித்தது 13-ஆம் நூற்றாண்டுக்குப் பிறகுதான். அதற்குள் முயிலுக்கு ஆயிரம் வயது தாண்டிவிட்டது.

அங்கிருந்து காட்டுப்பாதையில் நடந்தால் காஸ்தியோ என்கிற பிரமிடு வரும். 17 மீட்டர் உயரம். சிச்சென் இட்சாவைப் பார்த்துவிட்டு வந்தால் சின்னதாகத்தான் தெரியும். ஆனால் அது திறந்தவெளியில் தனியாக நிற்கிறது, இது மரங்களுக்கு நடுவில், படிகளில் வேர் ஓடி, பாதி பச்சையாகச் செங்குத்தாக எழுந்து நிற்கிறது. குவாத்தமாலாவில் உள்ள திக்கால் என்ற மாயா நகரப் பக்கத்துக் கட்டட பாணி இதில் தெரியும் என்று வல்லுநர்கள் சொல்வது இந்தச் செங்குத்தை வைத்துத்தான். ஏற அனுமதியில்லை. சுற்றிவந்து பின்பக்கத்தையும் பாருங்கள், எவ்வளவு சீரமைத்திருக்கிறார்கள், எவ்வளவு மேடாகவே விட்டிருக்கிறார்கள் என்பது அங்கேதான் விளங்கும். 1926-ல் மேசன், ஸ்பிண்டன் என்ற இரு அமெரிக்கர்களின் குழு கடல்வழியாக இந்தப் பக்கம் வந்து பார்த்து எழுதியது. ஒழுங்கான வரைபட வேலை 1987-ல்தான் துலேன் பல்கலைக்கழகமும் மெக்சிகோவின் தொல்லியல் நிறுவனமும் சேர்ந்து தொடங்கியது. காட்டுக்குள் இன்னும் எவ்வளவோ மேடுகள் தோண்டாமல் கிடக்கின்றன.

கட்டடத்தைவிட மரங்களைப் பார்க்கத்தான் எனக்கு அதிக நேரம் பிடித்தது. பாதையோரம் தண்டில் குறுக்கும் நெடுக்குமாகப் பழைய வெட்டுத் தழும்புகளோடு நிற்கும் மரத்தைப் பார்த்தால் நின்று தொட்டுப் பாருங்கள். அது நம் சப்போட்டா. நாம் தோட்டத்தில் வைத்துப் பழம் தின்கிற அதே மரத்துக்கு இதுதான் சொந்தக் காடு. இங்கே அது வானத்துக்கு வளர்ந்து நிற்கும். அதன் கட்டையை மாயர்கள் கோயில் வாசல்களுக்கு மேல் உத்தரமாக வைத்தார்கள், ஆயிரம் ஆண்டு தாங்கியவை உண்டு. அதன் பாலைக் காய்ச்சிச் சூயிங்கம் செய்யும் தொழில் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்தக் காடு முழுக்க ஆட்களைக் கொண்டுவந்து குவித்தது. அந்தத் தழும்புகள் அவர்கள் பால் எடுக்கக் கயிறு கட்டி ஏறி வெட்டியவை.

தொடக் கூடாத மரமும் உண்டு. செச்செம். பட்டையில் கறுப்பாக எண்ணெய் வழிந்தது போன்ற கறை இருக்கும், பால் பட்டால் தோல் கொப்பளித்துவிடும். அதற்கு மருந்தாக உள்ளூர்க்காரர்கள் பயன்படுத்தும் சாக்கா மரம், சிவந்த பட்டை தாள் தாளாக உரிந்து நிற்பது, பெரும்பாலும் பக்கத்திலேயே இருக்கும். வழிகாட்டியிடம் இரண்டையும் காட்டச் சொல்லுங்கள், குழந்தைகளுக்கு முதலில் இதைத்தான் சொல்ல வேண்டும்.

இடிபாட்டுக்கு ஒன்றேகால் மணி நேரம் தாராளம்.

பலகைப் பாதையும் கோபுரமும்

காஸ்தியோவைத் தாண்டிய பக்கத்தில் பலகைப் பாதையின் வாசல் இருக்கிறது, தனிக் கட்டணம். அரை கிலோமீட்டர் அளவு. பழைய மாயர்கள் 'சக்பே' என்று வெள்ளைச் சுண்ணாம்பு போட்டு மேடுகட்டிய சாலைகளை அமைத்திருந்தார்கள். முயிலிலும் அப்படிச் சாலை அடையாளம் கண்டிருக்கிறார்கள், ஊருக்குள்ளிருந்து லகூன் பக்கமாக ஓடியது. நீங்கள் நடக்கும் திசையும் அதுவே.

நடுவழியில் மரக் கோபுரம் ஒன்று வரும். ஏணி செங்குத்து, ஒரே நேரத்தில் சிலரைத்தான் விடுவார்கள், பழுது என்று சில சமயம் மூடியும் வைத்திருப்பார்கள். முட்டி வலி உள்ளவர்கள் கீழேயே நிற்கலாம். முடிந்தவர்கள் ஏறியே ஆகவேண்டும், ஏனென்றால் மொத்தக் கதையும் மேலிருந்து ஒரே பார்வையில் தெரியும்: காலடியில் காடு, அடுத்து வெளிர்நீலமாக முயில் லகூன், அதற்கப்பால் கோரைப்புல் வெளி, அதன் ஊடே இரண்டாவது லகூன், அதற்கும் அப்பால் கோடாகக் கடற்கரை.

இந்த இடத்தில் கொலம்பஸ் கதை ஒன்று. நான்காவது பயணத்தில், 1502-ல், ஹோண்டுராஸ் பக்கத்துத் தீவுகளின் அருகே அவருடைய ஆட்கள் ஒரு பெரிய தோணியை மறித்தார்கள். ஒரே மரத்தைக் குடைந்து செய்தது, எட்டடி அகலம், இருபத்தைந்து பேர் துடுப்பு போட்டார்கள். பருத்தித் துணி, செம்புக் கோடரி, கல் பதித்த மரவாள், கொக்கோ விதை என்று சரக்கு. ஸ்பானியர் 'பாதாம்' என்று நினைத்த அந்த விதை ஒன்று கீழே விழுந்தபோது, தோணிக்காரர்கள் கண்ணே விழுந்துவிட்டது போல் குனிந்து பொறுக்கினார்கள் என்று கொலம்பஸின் மகன் எழுதிவைத்திருக்கிறார். கொக்கோதான் அவர்களுக்குக் காசு. அப்படிப்பட்ட தோணிகள் தீபகற்பத்தைச் சுற்றிக் கடலோரமாக ஓடிய பாதையில் ஒரு நிறுத்தம்தான் முயில். ஜேட் என்கிற பச்சைக்கல்லும், கத்தி செய்கிற எரிமலைக் கண்ணாடிக்கல்லும் இந்தச் சுண்ணாம்பு மண்ணில் கிடைக்கவே கிடைக்காது, குவாத்தமாலா போன்ற தூர இடங்களிலிருந்துதான் வர வேண்டும். இங்கிருந்து தேன், உப்பு, இறகு போகும். கடலிலேயே துறைமுகம் கட்டாமல் எதற்கு இவ்வளவு உள்ளே என்றால், மேலிருந்து பார்க்கும்போது விடை தெரிகிறது. புயலுக்கும் எதிரிக்கும் எட்டாத இடம், குடிக்க நன்னீர், பின்னாலேயே கோபா என்ற மாயா நகரம் வரைக்கும் நிலவழித் தொடர்பு.

படகு: ஏறும் முன் என்ன பேசுவது

பாதை முடிகிற இடத்தில் படகுத்துறை. வெளிப்புறமோட்டார் மாட்டிய தட்டையான லாஞ்சாக்கள், ஏழெட்டுப் பேர் உட்காரும். ஊர்க் கூட்டுறவுக்காரர்களே நடத்துகிறார்கள். இடிபாட்டுக்குள் போகாமல் நேராகத் துறைக்கு வர ஊரிலிருந்து தனிச் சாலையும் உண்டு. நடக்க முடியாதவர்களை அந்த வழியில் காரில் கொண்டுவந்து விடலாம்.

ஏறும் முன் நாலு விஷயம் தெளிவாகப் பேசிவிடுங்கள். விலை ஆளுக்கா, படகுக்கா? வாய்க்காலில் மிதப்பது சேர்ந்ததா, லகூனை மட்டும் சுற்றிவிட்டு வந்துவிடுவார்களா? மொத்தம் எவ்வளவு நேரம்? கைப்பட்டைக் கட்டணம் இதில் அடக்கமா? ஸ்பானிஷ் தெரியாவிட்டால் போனில் மொழிபெயர்ப்புச் செயலியை இணையம் இல்லாமல் இயங்கும்படி முன்கூட்டியே இறக்கிவைத்துக்கொள்ளுங்கள், காட்டுக்குள் சிக்னல் வந்து போகும். பேரம் பேசலாமா என்றால், விலைப்பட்டியல் ஒட்டியிருக்கும் இடத்தில் வேண்டாம். படகோட்டிக்குக் கடைசியில் டிப்ஸ் கொடுப்பது அங்கே வழக்கம்.

லைஃப் ஜாக்கெட் உங்கள் அளவுக்குப் பொருந்துகிறதா, கொக்கிகள் மாட்டுகின்றனவா என்று கரையிலேயே பாருங்கள். குழந்தைக்குச் சின்ன அளவு இல்லையென்றால் அந்தப் படகு வேண்டாம்.

முதல் லகூனில் படகு வேகமெடுக்கும். தண்ணீர் ஆழமில்லை, அடியில் வெள்ளைச் சுண்ணாம்புச் சேறு, அதனால்தான் அந்த வெளிர்நீலம். பிறகு மோட்டாரைத் தணித்து ஒரு குறுகலான வாய்க்காலுக்குள் நுழைவார்கள். இதை மாயர்கள் வெட்டியது என்கிறார்கள். இரண்டு பக்கமும் கோரை உரசும் அளவுக்குச் சில இடங்கள் குறுகல். அதைத் தாண்டினால் இரண்டாவது லகூன், சுன்யாச்சே, முதலாவதைவிடப் பெரியது. நாரை, நீர்க்காகம், மீன்கொத்திப் பருந்து கண்ணில் படும். மனாட்டி என்கிற கடற்பசு, ஜாகுவார் எல்லாம் இந்தக் காப்பகத்தில் இருக்கின்றன என்பது உண்மை, நீங்கள் பார்ப்பீர்கள் என்று யாராவது உறுதி சொன்னால் நம்ப வேண்டாம். சியான் கான் ஐந்து லட்சம் ஹெக்டேருக்கு மேல் பரந்தது, 1986-ல் காப்பகமாக அறிவித்து, 1987-ல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்த்தார்கள். நீங்கள் பார்ப்பது அதில் ஒரு மூலை.

சுன்யாச்சேயின் மறுகரையில், கடலை நோக்கிப் போகும் வாய்க்காலின் வாயில், ஒற்றை அறையாக ஒரு சின்னக் கல்கட்டடம் நிற்கும். இஷ்லாபாக் என்கிறார்கள். போகிற வருகிற சரக்குக்குச் சுங்கம் வாங்கிய இடமாக இருக்கலாம் என்பது வழிகாட்டிகள் சொல்லும் விளக்கம். அது சரியோ இல்லையோ, இவ்வளவு பெரிய சதுப்பில் வேறெங்கும் கட்டாமல் மிகச் சரியாக வாய்க்கால் வாயில் கட்டியிருக்கிறார்கள் பாருங்கள். நான் சொன்ன துறைமுகக் கதைக்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

வாய்க்காலில் மிதப்பது

இங்கே படகை விட்டு இறங்க வேண்டும். படகோட்டி முதலில் சொல்வது, லைஃப் ஜாக்கெட்டைக் கழற்றித் தலைகீழாகப் பிடித்து, கை நுழையும் ஓட்டைகளில் காலை விட்டு, ஜட்டி போடுவது போல் மேலே இழுத்துக்கொள்ளுங்கள் என்று. எல்லோரும் சிரிப்பார்கள். கூட வந்த அப்பா, மாமனார் எல்லாம் முடியாது என்பார்கள். போட்டுக்கொண்டு உட்கார்ந்ததும் காரணம் புரியும்: நாற்காலியில் அமர்ந்தபடி நிமிர்ந்து மிதக்கலாம், கழுத்தைத் தூக்கிப் பிடிக்க வேண்டியதில்லை. நீச்சல் சுத்தமாகத் தெரியாதவர்கள் மட்டும் வழக்கம்போலவே மாட்டிக்கொள்வது நல்லது. உட்கார்ந்த நிலையில் ஒருவேளை கவிழ்ந்தால் இடுப்பில் கட்டிய ஜாக்கெட் தலையைத் தூக்கிக்கொடுக்காது.

மரப்படியில் மெதுவாக இறங்குங்கள், பாசி வழுக்கும். தண்ணீர் லேசாகக் குளிரும். அப்புறம் நீங்கள் எதுவும் செய்ய வேண்டாம். நிலத்தடி ஊற்றுத் தண்ணீர் கடலுக்குப் போகிற ஓட்டம் தானாகவே கொண்டுபோகும், அரை மணி முதல் முக்கால் மணி நேரம். கையைத் துடுப்பாக்கி அடித்துக்கொண்டு முன்னால் போகிறவர்கள் சீக்கிரம் முடித்துவிட்டு மற்றவர்களுக்காகக் காத்திருப்பார்கள், வேறு பயனில்லை. அடியில் காலை ஊன்றாதீர்கள், சேறு கலங்கிவிடும், பின்னால் வருகிறவர் தெளிந்த தண்ணீரில் மீனைப் பார்க்க முடியாது. ஓரத்தில் அலையாத்தி வேர்களுக்குக் கீழே குட்டி மீன் கூட்டங்கள் நிற்கும். கிளைகளில் தொற்றிக்கொண்டு ஆர்க்கிட் வளர்ந்திருக்கும். வளைவுகளில் வேர்ப்பக்கம் இழுத்துப்போனால் கையால் மெல்லத் தள்ளிக்கொண்டு நடுவுக்கு வந்தால் போதும்.

முதலை இருக்குமா என்று எல்லோரும் கேட்பார்கள். காப்பகத்தில் இருக்கிறது. தினமும் ஆட்கள் இறங்கும் இந்த வாய்க்காலில் படகோட்டி காட்டும் இடத்தில் இறங்குங்கள், வேறெங்கும் நீங்களாகக் குதிக்காதீர்கள்.

முடிகிற இடத்தில் படித்துறை இருக்கும். படகு அங்கேயே வந்து ஏற்றிக்கொள்ளும், அல்லது பலகைப் பாதையில் கொஞ்சதூரம் திரும்பி நடக்க வேண்டும். எது என்று முன்பே கேட்டுக்கொள்ளுங்கள், வெறுங்காலோடு வெயிலில் பலகையில் நடப்பது சுகமில்லை.

ஊரிலிருந்து வந்திருக்கும் பெற்றோரைக் கூட்டிப்போகிறவர்களுக்கு: மிதக்க விருப்பமில்லாவிட்டால் படகிலேயே உட்கார்ந்து வரலாம், படகோட்டியிடம் சொன்னால் போதும். முதுகுவலி உள்ளவர்களைப் படகின் பின்பக்கம் உட்காரவையுங்கள், முன்பக்கம்தான் தூக்கிப் போடும்.

சாப்பாடும் திரும்புவதும்

கரைக்குத் திரும்பும்போது மதியம் ஆகியிருக்கும், பசி கொல்லும். முயில் சின்ன ஊர், நெடுஞ்சாலையோரச் சாப்பாட்டுக் கடைகளை நம்பி எப்போதும் இருக்க முடியாது, கையில் பழமோ பிஸ்கட்டோ வைத்திருங்கள். துலும் திரும்பிச் சாப்பிடுவதே மேல். அசைவக்காரர்கள் கொச்சினிதா பிபில் கேளுங்கள்: கிச்சிலி சாறும் செம்மண் நிற மசாலாவும் தடவிய பன்றி இறைச்சியை வாழையிலையில் பொதிந்து பக்குவமாக வேகவைத்தது. ஓரத்தில் வைக்கும் ஆபனேரோ சட்னியை, நமக்கென்ன காரம் புதிதா என்று கரண்டியால் அள்ளாதீர்கள்.

சைவர்களுக்குக் கொஞ்சம் விசாரணை தேவை. பீன்ஸ் மசியலில் பன்றிக்கொழுப்பு சேர்ப்பது வழக்கம், சாதத்தைக் கோழிச்சாற்றில் வேகவைப்பதும் உண்டு. "சின் கார்னே" என்றால் இறைச்சி வேண்டாம் என்றுதான் அர்த்தம், கோழியை அதில் சேர்க்காத ஆட்களும் இருக்கிறார்கள். அதனால் "சின் போயோ, சின் மன்தேகா" என்று கோழி, கொழுப்பு இரண்டையும் தனியாகச் சொல்லுங்கள். சிகில் பாக் என்று வறுத்த பூசணி விதையும் தக்காளியும் அரைத்த துவையல் ஒன்று உண்டு, பழைய மாயா சமையல், சோளத் தோர்தியாவோடு அருமையாக இருக்கும். சாயா கீரை போட்ட எதுவும் தைரியமாக நம் நாக்குக்கு ஒத்துவரும்.

அதே நாளில் துலும் இடிபாட்டையும் சேர்க்கலாமா என்று கேட்டால், வேண்டாம். மதிய வெயிலில் நிழலே இல்லாத அந்த மேட்டில் கூட்டத்தோடு நடக்க உடம்பில் தெம்பு இருக்காது. மறுநாள் காலை திறந்தவுடன் போங்கள். நேரம் மிச்சமிருந்தால் வழியில் ஒரு செனோட்டேயில் முங்கி எழலாம், சேறும் வியர்வையும் போகும். கான்கூன் வரை ஓட்ட வேண்டியவர்கள் மட்டும் நாலு மணிக்குள் துலுமை விட்டுக் கிளம்பிவிடுங்கள். இருட்டிவிட்டால் நான் சொன்ன பெயின்ட் அழிந்த தோபேக்கள் கண்ணுக்கே தெரியாது, ப்ளாயா தெல் கார்மென் நெரிசலிலும் போய் மாட்டிக்கொள்வீர்கள்.